உள்ளங்கைப் பெட்டியில் ஆயிரம் விளையாட்டு

மஸ்கட்டில் வேலை பார்க்கும் என் மனைவியின் அண்ணன் லீவுக்கு வந்தபோது எனக்கு ஒரு சட்டைத்துணியும் தன் தங்கச்சிக்கு ஒரு சின்ன அட்டைப்பெட்டியும் கொண்டுவந்தார். அட்டைப்பெட்டிக்குள் இருந்தது அந்தக் காலத்து டிவி கேம் மெஷின் ஒன்றின் குட்டி வடிவம். உள்ளங்கையில் அடங்கிவிடும். பழைய மெஷினில் கேசட் சொருகும் இடம் இதில் வெறும் கோடாகத்தான் இருந்தது, திறக்காது. கேசட்டுக்குப் பதிலாக உள்ளேயே இருபது கேம்களைப் போட்டு வைத்திருந்தார்கள். டிவியில் மாட்டிவிட்டு, பிடித்ததைத் தேர்ந்தெடுத்து விளையாட வேண்டியதுதான்.

"சின்னதுல நீயும் நானும் இதுக்குத்தானே அடிச்சுக்கிடுவோம்" என்றார் மச்சான். அவள் பெட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துச் சிரித்தாள்.

ஆக, அது என் மனைவியின் சொத்து. இதை இப்போதே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் மச்சான் விமானம் ஏறுவதற்குள்ளாகவே நான் அதை "என் கன்சோல்" என்று ஆபீஸில் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

அவள் பாளையங்கோட்டையில் ஒரு பெண்கள் பள்ளியில் அறிவியல் டீச்சர். மகள் கோயம்புத்தூர் ஹாஸ்டலுக்குப் போன பிறகு எங்கள் வீட்டு டிவிக்குப் பெரிதாக வேலையில்லை. சாயங்காலம் பள்ளியிலிருந்து வந்ததும், நோட்டுகளைத் திருத்த உட்காருவதற்கு முன்னால், டீ டம்ளரை ஒரு பக்கம் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் விளையாடுவாள். இருபதில் அவளுக்குப் பிடித்தது ஒன்றே ஒன்று. ஒரு குட்டி மனிதன் ஏணி ஏணியாக ஏறிப் பழம் பறிக்க வேண்டும். மேல் மாடியில் ஒரு பூனை உட்கார்ந்துகொண்டு பானைகளை உருட்டிவிடும். பானை பட்டால் ஆள் காலி.

நான் விளையாடவில்லை. எண்ணிப் பார்த்தேன்.

"இருபதுதானா இருக்கு?"

"இருபது போதாதா?" என்றாள், டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல்.

போதாது என்று எனக்குத் தோன்றியதற்குக் காரணம் உண்டு. எனக்குக் கோர்ட்டில் பதிவறை வேலை. முடிந்துபோன வழக்குகளின் கட்டுகளை வருஷம், வகை, எண் என்று பிரித்து அலமாரியில் அடுக்குவதுதான் இருபத்துச் சொச்சம் வருஷமாக என் பிழைப்பு. எந்தக் கட்டு எங்கன இருக்கிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். உள்ளே என்ன வழக்கு என்று கேட்டால் தெரியாது. இருபது கேம் என்பது எனக்கு முக்கால்வாசி காலியாகக் கிடக்கும் அலமாரி மாதிரி இருந்தது. அப்படி ஓர் அலமாரியைப் பார்த்துவிட்டு என்னால் சும்மா இருக்க முடியாது.

இணையத்தில் தேடியதில், இந்தக் குட்டிப் பெட்டிக்குள் வேண்டிய மட்டும் கேம்களை ஏற்றலாம் என்று தெரிந்தது. லேப்டாப்பில் ஒரு மென்பொருளைப் போட வேண்டும். கேபிளால் பெட்டியை லேப்டாப்போடு இணைக்க வேண்டும். பெட்டியின் ரீசெட் பட்டனை அமுக்கிப் பிடித்துக்கொண்டே பவர் சுவிட்சைப் போட வேண்டும். அதே நேரத்தில் லேப்டாப்பில் ஒரு பட்டனைத் தட்ட வேண்டும். இதற்கு மூன்று கை வேண்டும் என்பதால் மனைவியைக் கூப்பிட்டேன். அவள் ஒரு கையில் சிவப்புப் பேனாவோடு வந்து, மறு கையால் ரீசெட்டை அமுக்கிக்கொண்டு நின்றாள்.

"இன்னும் எம்புட்டு நேரம் அமுக்கணும்?"

"பைய இரு. லேப்டாப் இப்ப கண்டுபிடிச்சிரும்."

லேப்டாப் கண்டுபிடிக்கவில்லை. மறுநாளும் கண்டுபிடிக்கவில்லை. லேப்டாப்பில்தான் கோளாறு என்று முடிவு கட்டி, ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க உட்கார்ந்து அதிலிருந்த எல்லாவற்றையும் அழித்து விண்டோஸைப் புதிதாகப் போட்டேன். அப்போதும் இல்லை. பெட்டியே பழுது என்று மஸ்கட்டுக்கு வாட்ஸப்பில் ஒரு குரல் செய்தி அனுப்பினேன். மச்சான் பாவம், கடைக்காரனிடம் போய்ச் சண்டையே போட்டுவிட்டார். பிறகு ஒரு நாள் கரண்ட் போய்த் திரும்பி வந்ததும் எமர்ஜென்சி லைட்டைச் சார்ஜ் போடக் கேபிளைத் தேடியபோதுதான் விளங்கியது. நான் இத்தனை நாளும் மாட்டிக்கொண்டிருந்தது எமர்ஜென்சி லைட்டோடு வந்த கேபிள். அதில் கரண்ட் மட்டும்தான் போகும்; தகவல் போகாது. பெட்டிக்குரிய கேபிள் பிரிக்கப்படாத பிளாஸ்டிக் உறையோடு அட்டைப்பெட்டியின் அடியிலேயே கிடந்தது. மச்சானிடம் இதைச் சொல்லவில்லை. தானாகவே சரியாகிவிட்டது என்றேன்.

வழி திறந்தது. அடுத்து, எதை ஏற்றுவது என்ற கேள்வி. பழைய பேர்பெற்ற கேம்கள் எல்லாம் ஓசியில் கொட்டிக் கிடந்தன. ஒரு மூட்டையைக் கட்டி இறக்கிக்கொண்டிருக்கும்போது மனைவி பின்னால் வந்து நின்றாள்.

"இதெல்லாம் விலைக்கு வாங்குனதா?"

"இல்ல, சும்மா கிடக்கு."

"ஓய்வுநாள் பள்ளியில பிள்ளைகளுக்குப் பத்துக் கட்டளை சொல்லிக் கொடுக்கீங்கல்லா? எட்டாவது என்ன?"

‘களவு செய்யாதிருப்பாயாக’ என்பது எட்டாவது. கேட்டுவிட்டு அவள் நோட்டுத் திருத்தப் போய்விட்டாள். நான் மூட்டையை அழித்தேன். நல்லவன் என்பதால் அல்ல. அடுத்த ஞாயிறு அவளும் அதே ஆலயத்தில் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருப்பாள் என்பதால்.

ஆனால் கட்டளைக்குள் நின்றுகொண்டே அலமாரியை நிரப்ப ஒரு வழி இருந்தது. உலகம் முழுக்கப் பொழுதுபோகாத சிலர் இந்தப் பழைய மெஷின்களுக்காக இன்றும் புதிதாகக் கேம் எழுதுகிறார்கள். எழுதியதை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று இலவசமாகவே விட்டுவிடுகிறார்கள். இதைக் கண்டபோது எனக்கு உண்டான சந்தோஷம் கொஞ்சநஞ்சமல்ல. தரம் பார்க்கும் பழக்கம் எனக்கு இல்லை. கிடைத்தது எல்லாவற்றையும் அள்ளினேன். ஒன்றில் ஒரு கோழி ரோட்டைக் கடக்கும். கடந்ததும் கேம் முடிந்துவிடும். ஒன்றில் மழை மட்டும் பெய்யும். ஒன்று கேமே இல்லை; கன்ட்ரோலரில் எந்தப் பட்டனை அமுக்கினாலும் திரையில் அதற்கு நேரான விளக்கு எரியும், பட்டன்கள் ஒழுங்காக வேலை செய்கின்றனவா என்று சோதிப்பதற்காக யாரோ செய்தது. அதையும் ‘விளையாட்டு - பொது’ என்ற பிரிவில் சேர்த்தேன்.

பிரிவு என்றேனே, அதுதான் என்னை முழுசாக விழுங்கியது. ஏற்றும் ஒவ்வொரு கேமுக்கும் ஓர் அட்டைப்படம் வேண்டும். சும்மா செய்த கேம்களுக்கு அட்டைப்படம் ஏது? நானே செய்தேன். அருவி வரும் கேமுக்கு, நாங்கள் மணிமுத்தாறு போயிருந்தபோது எடுத்த படம். ஓரத்தில் துண்டோடு நிற்பது நான்தான். கப்பல் கேம் ஒன்றுக்குக் கொற்கையில் எடுத்த படத்தைப் போட்டேன். பாண்டியன் காலத்துத் துறைமுகம் என்று பெருமையாக எடுத்தது. கடல் அங்கிருந்து எப்போதோ விலகிப்போய்விட்டதால் படத்தில் வயலும் ஒரு மாடும்தான் இருந்தன. கேமைத் திறந்தால் பீரங்கிச் சண்டை, அட்டையில் மாடு.

கோர்ட்டிலிருந்து பஸ்ஸில் வரும்போதே இன்றைக்கு எந்தப் பிரிவை ஒழுங்குபடுத்துவது என்று யோசித்துக்கொண்டு வருவேன். வந்ததும் பெட்டியை டிவியிலிருந்து கழற்றி லேப்டாப்பில் மாட்டிவிடுவேன். அவள் டீயோடு வந்து காத்திருப்பாள்.

"குடுங்க, கொஞ்ச நேரம் விளையாடிட்டுத் தாரேன்."

"இரு, ‘வாகனம்’ பிரிவு பாதியில நிக்கு."

ஒருநாள் அவள் சொன்னாள்: "நீங்க லைப்ரரி வச்சிருங்க. நான் படிச்சுக்கிடுதேன். ரெண்டும் ஒரே நேரத்துல நடக்கணும்னா பெட்டியைக் குடுத்தாத்தான் நடக்கும்."

நான் கொடுத்தேன். அப்போதுதான் பார்த்தேன், அவள் ஏணி கேமில் எங்கோ உயரத்துக்குப் போயிருந்தாள். நான் முன்னால் பார்த்த மரவீடும் கிணற்றடியும் இல்லை. கலங்கரை விளக்கம் மாதிரி ஒரு கட்டிடம், சுற்றிலும் கடல். பானைகள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு வந்தன. அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு, கட்டைவிரல் மட்டும் அசைய, கல்லு மாதிரி உட்கார்ந்திருந்தாள். "இதுதான் கடைசிக் கட்டடம். இன்னும் ரெண்டு மாடி" என்றாள். நான் "நல்லது" என்று சொல்லிவிட்டு, அந்தக் கேம் ‘ஏணி’ பிரிவில் வருமா ‘பழம்’ பிரிவில் வருமா என்று யோசித்தேன்.

அந்தச் சமயத்தில் எங்கள் சபையில், வருஷத்துக்கு ஒருமுறை நன்றி சொல்லிக் கொண்டாடும் ஸ்தோத்திரப் பண்டிகை வந்தது. அன்றைக்கு ஆலய வளாகத்தில் விற்பனையும் சாயங்காலம் ஏலமும் நடக்கும். ஆளுக்கொரு ஸ்டால் போடுவோம்; வருகிற பணம் சபைக்குப் போகும். சபைச் செயலர், வங்கியில் இருந்து ஓய்வுபெற்ற அண்ணாச்சி, ஆராதனை முடிந்ததும் என்னைப் பிடித்தார்.

"உம்மகிட்ட ஏதோ டிவி கேம் இருக்காமே. ஆபீஸ்ல எல்லாருகிட்டயும் சொல்லுதீராம். ஒரு ஸ்டால் போடும் வே. வாலிபப் பிள்ளைக வரும்."

"போட்டிரலாம் அண்ணாச்சி. ஆயிரம் கேம் இருக்கு."

வாய் தவறி வந்ததல்ல, வேண்டுமென்றே சொன்னேன். அதற்கடுத்த ஞாயிறு அறிவிப்பு வாசிக்கும்போது அவர் அதை அப்படியே வாசித்தார்: "நமது சகோதரர் ஒருவர் ஆயிரம் விளையாட்டுகளைக் கொண்டுவருகிறார்." ஆலயத்தில் சில பேர் திரும்பிப் பார்த்தார்கள். மனைவி குனிந்து பாட்டுப் புத்தகத்தைப் பார்த்தாள். என் கையில் அன்றைக்குத் தொள்ளாயிரத்துச் சொச்சம்தான் இருந்தது.

பண்டிகை அன்று காலையில்தான் ஆயிரத்தைத் தொட்டேன். கடைசி மூட்டையை ஏற்றும்போது லேப்டாப்பில் ஒரு எச்சரிக்கை வந்தது: பெட்டியில் இடம் குறைவாக இருக்கிறது. நான் பதிவறைக்காரன். இடம் குறைவு என்பது எங்களுக்கு எச்சரிக்கை அல்ல, நிரந்தர நிலைமை. ‘சரி’யைத் தட்டினேன்.

வீட்டு டிவியைப் போர்வையில் சுற்றி ஆட்டோவில் கொண்டுபோய் இறக்கினோம். மனைவிக்குப் பெண்கள் ஐக்கியத்தின் பலகார ஸ்டால். என்னுடையது அதற்கு அடுத்தது. எனக்கு அந்தப் பக்கம், பிளாஸ்டிக் வளையத்தை எறிந்து சோப்பு டப்பாவில் மாட்டும் ஸ்டால். நான் அதைப் பார்த்துப் பரிதாபப்பட்டேன்.

கூட்டம் நன்றாகவே வந்தது. முதலில் என் லைப்ரரியை எல்லோருக்கும் விளக்கிவிட நினைத்தேன்.

"இது பிரிவு வாரியா இருக்கு. இது ‘விலங்கு’. இதுக்குள்ள ‘பறவை’ தனியா..."

"அண்ணே, ஏதாச்சும் ஒண்ணைப் போடுங்க" என்றான் முன்னால் நின்ற ஒருவன்.

"எது வேணும்னு சொல்லு."

அவனுக்குத் தெரியவில்லை. யாருக்கும் தெரியவில்லை. பட்டியல் கீழே ஓடிக்கொண்டே இருந்தது. ஒருவர் இதைப் போடு என்பதற்குள் இன்னொருவர் அடுத்ததைப் போடு என்றார். கடைசியில் கோழி கேமைப் போட்டோம். கோழி ரோட்டைக் கடந்தது. முடிந்துவிட்டது. "இதுக்கா டிக்கெட்?" என்றது ஒரு குரல். அடுத்ததாக மழை பெய்தது. அதற்கும் அடுத்ததாகத் திறந்தது, பட்டன் சோதிக்கும் விளக்கு. கன்ட்ரோலர் அப்போது ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் கையில் இருந்தது. அவர் ஒரு பட்டனை அமுக்கினார், விளக்கு எரிந்தது. இன்னொன்றை அமுக்கினார், அதுவும் எரிந்தது. அவருக்கு முகமெல்லாம் சிரிப்பு. எல்லா விளக்கையும் எரியவைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"ஜெயிச்சிட்டேனா?"

"ஜெயிச்சிட்டீங்க சார்" என்றேன். வேறென்ன சொல்ல? அன்று என் ஸ்டாலில் திருப்தியாகப் போனவர் அவர் ஒருவர்தான்.

அதற்கடுத்த கேமைத் தொட்டதும் திரை உறைந்தது. அணைத்துப் போட்டேன். தொடக்கப் படம் வந்து அப்படியே நின்றது. இன்னொரு முறை போட்டேன். அதே. கூட்டம் பையப் பைய வளையம் எறியும் ஸ்டால் பக்கம் நகர்ந்தது. சோப்பு டப்பாவில் வளையம் விழும்போதெல்லாம் அங்கே ஆரவாரம். செயலர் அண்ணாச்சி வந்து எட்டிப் பார்த்தார்.

"என்ன வே, ஆயிரமும் படுத்துட்டா?"

காரணம் எனக்குத் தெரியும்: பெட்டி நிரம்பி வழிந்துவிட்டது. மருந்தும் தெரியும்: லேப்டாப்பைக் கொண்டுவந்து, எல்லாவற்றையும் துடைத்துவிட்டுப் பெட்டியைப் பழையபடி ஆக்க வேண்டும். முதல் நாளே மென்பொருள் என்னைக் கேட்காமல், பெட்டி முதலில் இருந்தபடி ஒரு நகல் எடுத்து வைத்திருந்தது. பைக்கை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் பறந்தேன். திரும்பி வந்தபோது என் ஸ்டால் மேஜையில் முந்திரிக்கொத்து அடுக்கியிருந்தார்கள். டிவிக்கு மேல் ஒரு அதிரசத் தட்டு.

"சும்மாதானே கிடக்குன்னு வச்சோம்" என்றாள் மனைவி. பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தட்டுகளை எடுத்தாள்.

லேப்டாப்பை இணைத்தேன். அவளே ரீசெட்டை அமுக்கிப் பிடித்தாள். கடைசித் தட்டலுக்கு முன்னால் கேட்டாள்:

"எல்லாம் அழிஞ்சா, நான் விளையாடி வச்சிருக்கது?"

நான் அதை அதுவரை நினைத்தே பார்க்கவில்லை. என் ஆயிரம் போவதைப் பற்றித்தான் வழியெல்லாம் துக்கப்பட்டுக்கொண்டு வந்தேன். அவளுடைய கலங்கரை விளக்கமும் அதே பெட்டியில்தான் இருந்தது.

"அதுவும் போயிரும்" என்றேன்.

அவள் பட்டனிலிருந்து விரலை எடுக்கவில்லை. "ஒரு மாடிதான் பாக்கி இருந்தது" என்றாள். பிறகு, ஸ்டாலுக்கு வெளியே இன்னும் போகாமல் நின்ற நாலைந்து பேரைப் பார்த்தாள். "சரி, போகட்டும். போடுங்க."

தட்டினேன். எனக்கு அவள் முகத்தைப் பார்க்கக் கூச்சமாக இருந்தது. லேப்டாப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

பெட்டி உயிர்த்தது. இருபது கேம். முதல் வரிசையிலேயே ஏணி கேம்.

"நீரே ஒண்ணு விளையாடிக் காட்டும் வே, ஜனங்க வரட்டும்" என்றார் செயலர் அண்ணாச்சி.

நான் கன்ட்ரோலரை வாங்கினேன். இத்தனை மாதத்தில் அந்தப் பெட்டியில் ஒரு கேமைக்கூட முழுசாக நான் விளையாடியதில்லை என்பது அப்போதுதான் எனக்கே உறைத்தது. முதல் பானை உருண்டு வந்தது. குதித்தேன், அதாவது குதிக்கும் பட்டன் என்று நினைத்து வேறெதையோ அமுக்கினேன். குட்டி மனிதன் உட்கார்ந்தான். பானை அவன் மேலேயே ஏறியது. அடுத்த உயிரில் ஏணிக்குப் பதில் விளிம்பில் நடந்து கீழே விழுந்தேன். மூன்றாவதில் பானை வருவதற்கு முன்பே குதித்துவிட்டு, அது வரும்போது சாவகாசமாக நின்றேன். வளையம் எறிய வரிசையில் நின்றவர்கள்கூடத் திரும்பிச் சிரித்தார்கள்.

"ஆயிரம் விளையாட்டுக்காரருக்கு ஒண்ணுகூட வரல" என்றார் ஐயரம்மா. எங்கள் பக்கம் சபைக் குருவானவரை ஐயர் என்போம். அவர் மனைவி ஐயரம்மா. தூத்துக்குடிக்காரர். அதிர்ந்து பேசி நான் கேட்டதில்லை. சேலைத் தலைப்பைச் சொருகிக்கொண்டு வந்து கையை நீட்டினார். "இங்கன குடுங்க. எங்க வீட்ல அண்ணன் தம்பி அஞ்சு பேரு. அவனுகளுக்குத் தெரியாம இந்த மெஷினை ஒளிச்சு வச்சு விளையாடுவேன்."

இரண்டாவது கன்ட்ரோலரை என் மனைவி எடுத்தாள். இரண்டு பேர் ஒரே நேரத்தில் விளையாடலாம். யார் அதிகப் பழம் பறிக்கிறார்களோ அவர்களுக்கு ஜெயம். ஐயரம்மா ஏறிய வேகத்தைப் பார்த்ததும் கூட்டம் கூடியது. பானை வரும்போது இருவரும் ஒரே நேரத்தில் குதித்தார்கள், நாற்காலியிலும் சேர்த்து. ஓர் ஏணியில் என் மனைவி ஐயரம்மாவின் ஆளை முட்டித் தள்ளிவிட்டாள்.

"ஏ, டீச்சர்! சபைக்குள்ள வச்சா தள்ளுதீங்க?"

"நீங்க மொதல்ல தள்ளுனீங்கம்மா!"

ஐயரே ஏல மேடையிலிருந்து இறங்கி வந்து பார்த்தார். அடுத்து விளையாட வரிசை நின்றது. பெரும்பாலும் பெண்கள், அதுவும் நான் ஆராதனையில் தவிர வேறெங்கும் பார்த்திராதவர்கள். அவர்களில் பாதிப் பேருக்கு எந்தப் பட்டன் எதற்கு என்று சொல்லித்தர வேண்டியிருக்கவே இல்லை. நான் டிக்கெட் கிழித்தேன். அந்த வேலை எனக்கு நன்றாக வந்தது. கிழித்த பாதிகளை வரிசை எண்படி ஒரு டப்பாவில் அடுக்கவும் செய்தேன்.

வீட்டுக்கு வந்ததும் மனைவியிடம் மன்னிப்புக் கேட்டேன். "ஏறுன வழிதானே, மறுபடி ஏறிருவேன்" என்றாள். "ஆனா இனிமே அதுல ஒண்ணும் ஏத்தாதீங்க." சரி என்றேன். லேப்டாப்பில் அந்த ஆயிரமும் அட்டைப்படங்களோடு இன்னும் இருக்கின்றன. எப்போதாவது திறந்து பார்ப்பேன். ஏற்றுவதில்லை.

இப்போதெல்லாம் சனிக்கிழமை மத்தியானம் ஐயரம்மாவும் சபையிலிருந்து இரண்டு மூன்று பேரும் வீட்டுக்கு வருகிறார்கள். எல்லோருக்கும் டீ போடுவது நான். ஆட்டம் கை மாறி மாறிக் கடைசியில் எனக்கும் வரும். நான் செத்ததும் தாமதமில்லாமல் அடுத்தவருக்குப் போகும். "பானையைப் பாக்காதீங்க, பானைக்கு முன்னால உள்ள இடத்தைப் பாருங்க" என்று ஒவ்வொரு வாரமும் ஒருத்தர் சொல்கிறார்.

போன வாரம் அவர்கள் கிளம்பிய பிறகு தனியாக உட்கார்ந்து விளையாடினேன். மரவீட்டின் கடைசி ஏணியில் கை வியர்த்துவிட்டது. பானையைப் பார்க்காமல் ஏறினேன். திரை மாறியது. கிணற்றடி வந்தது. என் வாழ்க்கையில் முதல்முறையாக இரண்டாவது கட்டம்.

"இங்க வா, சீக்கிரம் வா!" என்று கத்தினேன்.

அவள் கொல்லையில் துணி எடுத்துக்கொண்டிருந்தாள். "என்னங்க, என்ன ஆச்சு?" என்று கை நிறையத் துணியோடு ஓடி வந்தாள். அவள் வாசலைத் தாண்டுவதற்குள் கிணற்றுக்குள் விழுந்துவிட்டேன்.